மூன்றாம் பத்தி

அத்தியாயம் 14

பெரியண்ணனின் பதில் மனுவைக் கையில் வைத்துக்கொண்டு லென்ஸம்மா நின்றதோடு போன வாரம் விட்டிருந்தோம். இந்த வாரம்தான் புதிதாக வந்து உட்கார்ந்தவர்களுக்கு நாலு வார்த்தை சொல்லிவிட்டு மேலே போகலாம்.

கீழே கண்ணாடிக் கடை, மேலே வீடு. இரண்டும் அப்பா விட்டுப்போனவை. தெருவே லென்ஸம்மா என்று கூப்பிடும் அந்த வீட்டு மகள்தான் இருபது வருடத்துக்கும் மேலாக அங்கே மெஷின் முன்னால் உட்கார்ந்து மூக்குக்கண்ணாடிக்கு லென்ஸ் தேய்க்கிறாள். அப்பா போன மறு வருடம், குடிநீர் அலுவலகத்தில் வரைபடம் போடும் பெரியண்ணன், ஓசைப்படாமல் மொத்தக் கட்டடத்தையும் விற்க ஒப்பந்தம் போட்டார். அந்தக் கடையை விட்டால் லென்ஸம்மாவுக்கு வேறு பிழைப்பும் இல்லை, போக்கிடமும் இல்லை. லிஃப்ட் மெக்கானிக்கான தம்பியைச் சேர்த்துக்கொண்டு பாகம் கேட்டு வழக்குப் போட்டாள். விற்பனைக்குத் தடையும் கிடைத்தது.

எல்லாம் சரியாகத்தான் போய்க்கொண்டிருந்தது. பெரியண்ணன் பதில் மனுவில் ஒரே ஒரு வரி எழுதினார். 'எங்கள் தந்தைக்கு இன்னொரு மகள் உண்டு. அவரைச் சேர்க்காத வழக்கு செல்லாது.' கீழே அந்த மகளின் விலாசம், கதவு எண் உட்பட.

இருபத்தொன்பது வருடமாக அந்த வீட்டில் யாரும் வாயில் எடுக்காத ஆள் அவள். கடைக்கு ஃபிரேம் கொண்டுவரும் விற்பனைக்காரனோடு பெரியக்கா போய்விட்ட அன்று, அம்மா இல்லாத அந்தப் பிள்ளைகளைச் சாப்பாட்டு மேஜையில் உட்காரவைத்து அப்பா சொன்னது ஒன்றுதான்: "யார் கேட்டாலும் இந்த வீட்ல மூணு பிள்ளைங்க."

பள்ளிக்கூட விண்ணப்பத்தில் மூன்று. ஆஸ்பத்திரிச் சீட்டில் மூன்று. பக்கத்து வீட்டுக்குப் புதிதாகக் குடிவந்தவர்களிடமும் மூன்று. வக்கீல் "வாரிசு எத்தனை பேர்?" என்று கேட்டபோது லென்ஸம்மாவும் தம்பியும் கண்ணை இமைக்காமல் சொன்னதும் அதே மூன்றுதான்.

அதன் பலனை அனுபவிக்கத்தான் இன்று காலை ஒன்பது மணிக்கே இருவரும் வக்கீல் முன்னால் உட்கார்ந்திருந்தார்கள்.

வக்கீலுக்கு ஜலதோஷம். ஒரு கையில் வெந்நீர், இன்னொரு கையில் கைக்குட்டை.

"வாய்ப்பாடு ஒப்பிக்கற மாதிரி ரெண்டு பேரும் சேர்ந்து சொன்னீங்களே, மூணுன்னு!"

"பழகிடுச்சு சார்," என்றான் தம்பி.

"நல்லாப் பழகினீங்க. நாளைக்கு என்னையே பார்த்து யாருன்னு கேப்பீங்க." மூக்கைச் சிந்திக்கொண்டார். "இதோ பாருங்க. பாகம் கேக்கற கேசுல பங்கு உள்ள ஒருத்தர் வெளியே நின்னா, அவங்க அவசியத் தரப்பு. அவங்க இல்லாம ஜட்ஜ் தீர்ப்பே எழுத முடியாது. கேஸ் விழுந்துடும். கேஸ் விழுந்தா தடை போச்சு. தடை போன மறுநாளே உங்க அண்ணன் பத்திரம் பதிஞ்சிடுவாரு."

"இப்பச் சேர்த்துட்டா?" என்றாள் லென்ஸம்மா.

"சேர்த்துட்டா பொழைச்சோம். அவங்க சம்மதிச்சா உங்க பக்கத்துல வாதி. சம்மதிக்கலன்னா உங்க அண்ணன் பக்கத்துல பிரதிவாதி. எங்க உக்காந்தாலும் கவலையில்ல, உள்ள இருக்கணும், அவ்வளவுதான். ஆனா, ஏன் முதல்லயே சேர்க்கலன்னு கேள்வி வரும். அதுக்குப் பதில்தான் இந்த அபிடவிட்டுல மூணாவது பத்தி. கேளுங்க."

அவர் படித்தார். "எனது மூத்த சகோதரி பல ஆண்டுகளுக்கு முன் பேருந்து விபத்தில் இறந்துவிட்டதாகக் கேள்விப்பட்டு அவ்வாறே நம்பியிருந்தேன். அவர் உயிருடன் இருப்பது பதில் மனுவைப் பார்க்கும் வரை எனக்குத் தெரியாது. அவருடன் எனக்கு எந்தவிதத் தொடர்பும் இருந்ததில்லை."

பேருந்து கவிழ்ந்த செய்தி உண்மைதான். பெரியக்கா போய்ப் பதினொரு வருடம் கழித்து யாரோ கடைக்கு வந்து சொன்னார்கள். அப்பா கையிலிருந்த ஃபிரேமைக் கீழே வைக்காமலே கேட்டுக்கொண்டார். விசாரிக்க ஒருத்தரும் போகவில்லை.

"இது சத்தியம்மா," என்றார் வக்கீல். "பொய்ன்னு ஆச்சுன்னா கேஸ் மட்டும் போகாது, உங்களையும் இழுத்துக்கிட்டுப் போகும். இப்பவே சொல்லுங்க. இதுல எங்கயாவது இடிக்குதா?"

எங்கோ இடித்தது. எங்கே என்று தேடிப்போக லென்ஸம்மாவுக்குத் தைரியம் வரவில்லை. பேனாவை வாங்கி மூன்று தாளிலும் கையெழுத்துப் போட்டாள். அவளைக் கேட்டால் அந்த நேரத்தில் ஒன்றும் நினைவுக்கு வரவில்லை என்பாள். நாமும் கொஞ்ச நேரத்துக்கு நம்பி வைப்போம்.

கோர்ட்டில் அவர்கள் எண்ணைக் கூப்பிடும்போது மணி பதினொன்றரை. மின்விசிறி சுழன்றதே தவிரக் காற்று வரவில்லை. பெரியண்ணன் கடைசி பெஞ்சில் இஸ்திரி கலையாத சட்டையோடு, மடியில் ஒரு துணிப்பையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

மனுவை எதிர்த்து அவருடைய வக்கீல் ஒரு பாட்டம் வாதாடுவார் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். அந்த மனிதர் எழுந்து, "ஆட்சேபணை இல்லை. பிரமாணப் பத்திரத்தின் நகல் ஒன்று மட்டும் வேண்டும்," என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார்.

நகல் கைக்கு வந்ததும் அவர் முதல் பக்கத்தைப் படிக்கவில்லை. நேராக மூன்றாம் பத்திக்குப் போய், விரலை வைத்து, பெரியண்ணனுக்குக் காட்டினார். பெரியண்ணன் தலையாட்டினார்.

பெரியக்காவுக்கு நோட்டீஸ் அனுப்ப உத்தரவாயிற்று. பதினெட்டாம் தேதி வாய்தா. நோட்டீஸ் தயாராகிக் கைக்கு வர மத்தியானம் மூன்று மணி ஆயிற்று. "தபால் ஒரு பக்கம் போகட்டும்," என்று வக்கீல், நோட்டீஸும் அபிடவிட்டு நகலும் சேர்ந்த காகிதக் கட்டைக் கொடுத்தார். "நீங்க நேர்ல போய்க் குடுத்துக் கையெழுத்து வாங்கிட்டு வந்துட்டா இன்னும் நல்லது. அண்ணன் எதிர்க்காம விட்டதுல எனக்கு என்னமோ சந்தோஷமே வரலம்மா."

தம்பி ஸ்கூட்டரை எடுக்கப் போனான். லென்ஸம்மா வராந்தாவில் தனியாக நின்றாள். அப்போதுதான் பெரியண்ணன் பக்கத்தில் வந்தார். ஒரு வருடமாகப் பேச்சுவார்த்தை இல்லாத மனிதர்.

"சாப்பிட்டியா?"

"ம்."

"அந்த அபிடவிட்டு… நீயே படிச்சுப் பார்த்துதான் கையெழுத்துப் போட்டியா? இல்ல, வக்கீல் நீட்டினாரு, போட்டுட்டியா?"

"படிச்சுத்தான் போட்டேன். ஏன்?"

"சும்மாதான் கேட்டேன்." பையை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றினார். உள்ளே ஏதோ கடகடவென்றது. "எங்க ஆபீஸ் அம்மா உன் லென்ஸைப் பத்தி இன்னும் பெருமையாச் சொல்றாங்க. இந்த அளவுக்கு வேற யாரும் சரியாத் தேய்ச்சுத் தர மாட்டாங்களாம்."

சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போய்விட்டார்.

ஆபீஸ் அம்மா. பதினைந்து வருடமாக இரண்டு வருடத்துக்கு ஒருமுறை பெரியண்ணன் ஒரு டாக்டர் சீட்டோடு கடைக்கு வருவார். "எங்க ஆபீஸ்ல ஒரு அம்மாவுக்கு," என்பார். கடைசியாகப் போன வருடம், சண்டை வருவதற்குக் கொஞ்சம் முன்னால், எட்டாவது ஜோடி தேய்த்துக் கொடுத்தாள். வலது கண் சாதாரணம். இடது கண்ணுக்கு நூற்று முப்பத்தேழு டிகிரிக் கோணத்தில் சாய்த்துத் தேய்க்கும் சிலிண்டர் பவர், இரட்டையாகத் தெரிவதை ஒன்றாக்க, காதுப் பக்கம் தடிப்பாக ஒரு பிரிசம்.

தம்பி ஹாரன் அடித்தான்.

"என்னக்கா, பேயறைஞ்ச மாதிரி நிக்கற? அண்ணன் ஏதாவது சொன்னாரா?"

"ஒண்ணுமில்ல. வண்டியை எடு."

ஊரின் அந்தக் கோடியில் இருந்தது விலாசம். போகிற வழியெல்லாம் தம்பி பேசிக்கொண்டே வந்தான். பெரியக்கா போனபோது அவனுக்கு ஒன்பது வயது. முகமே மறந்துவிட்டது என்றான். மாடிப்படியில் இறங்கும்போது அவள் ஒரு கண்ணை மூடிக்கொண்டு இறங்குவாள், அது மட்டும் ஞாபகம் இருக்கிறது என்றான்.

"எதுக்குக்கா அப்படிச் செய்வா?"

"சின்ன வயசுல விழுந்ததுல இடது கண்ணு கொஞ்சம் உள்பக்கமாப் போயிடுச்சு. கீழே பார்த்தா எல்லாம் ரெண்டு ரெண்டாத் தெரியும். அப்பாதான் அதுக்குத் தனியா லென்ஸ் தேய்ச்சுக் குடுத்தாரு."

அந்த லென்ஸைத் தேய்க்கும்போது அப்பா சொன்னதும் அவளுக்கு நினைவிருந்தது. 'வயசானா பவர் கூடும், குறையும். இந்தக் கோணம் மட்டும் மாறாது. இப்படி ஒரு அளவு இந்தக் கடைக்கு இன்னொண்ணு வராது.' அதைத் தம்பியிடம் அவள் சொல்லவில்லை.

அது வேலைக்குப் போகும் பெண்கள் தங்கும் விடுதி. உள்ளே நுழைந்ததும் ஒரு மேஜை, ஒரு பெரிய நோட்டு. பின்னால் சுவர் அகலத்துக்கு ஒரு பலகை, வரிசை வரிசையாகக் கொக்கி, கொக்கிக்கு ஒரு சாவி. நரைத்த தலையோடு ஒரு பெண்மணி சாவிகளைச் சரிபார்த்துக்கொண்டிருந்தாள். காலடிச் சத்தம் கேட்டுத் திரும்பினாள்.

லென்ஸம்மா முகத்தைப் பார்க்கவில்லை. கண்ணாடியைப் பார்த்தாள். இடது லென்ஸ் காதுப் பக்கம் தடித்திருந்தது. அந்தத் தடிப்பு வெளியே தெரியாதிருக்க ஓரத்தைச் சரித்து மெருகேற்றியிருந்தது. அப்படிச் சரிப்பது அவள் கை. போன வருடம், ஒரு மத்தியானம் முழுக்க உட்கார்ந்து செய்தது.

"வந்துட்டியா?" என்றாள் பெரியக்கா. எதிர்பார்த்துக் காத்திருந்தவள் குரல். "இது யாரு, தம்பியா? அடேயப்பா! ஆளு வளர்ந்துட்டான், மூக்கு அப்படியே இருக்கு."

தம்பி தடிமாடு மாதிரி வளர்ந்தவன், ஆறு மாடி லிஃப்டுக்கு மேல் ஏறி நின்று வேலை பார்க்கிறவன். அங்கேயே உடைந்து அழுதான். பெரியக்கா மேஜையைச் சுற்றி வந்து அவன் தலையைப் பிடித்துத் தன் தோளில் சாய்த்துக்கொண்டாள்.

"பஸ்ஸுல போயிட்டேன்னு சொன்னாங்க பெரியக்கா…"

"அந்த பஸ்ஸுல போனது என் வீட்டுக்காரர் மட்டும்தான். நான் அன்னிக்குக் காய்ச்சல்ல படுத்திருந்தேன். அப்புறம் அண்ணன் எப்படியோ தேடிக் கண்டுபிடிச்சு வந்தாரு. ரெண்டு வருஷத்துக்கு ஒருக்கா வருவாரு. கண்ணாடி கொண்டாருவாரு. அப்பாவுக்குத் தெரியக்கூடாதுன்னு என்னை வாயைத் திறக்க விடமாட்டாரு." லென்ஸம்மாவின் கையைப் பிடித்தாள். "ஆனா எனக்கு வருத்தமே இல்லடி. இவ என்னை மறக்கலன்னு எனக்குத் தெரியும்."

"எப்படித் தெரியும்?" தம்பி கண்ணைத் துடைத்துக்கொண்டு கேட்டான்.

"எழுதினாளே! முதல் கண்ணாடி வந்தப்ப டப்பாவுல துணிக்கு அடியில ஒரு சீட்டு. 'படி இறங்கும்போது தலை சுத்தும். சின்ன வயசுல செய்வியே, அதே மாதிரி இடது கண்ணை மூடிக்கோ.' பேரு இல்ல. எதுக்குப் பேரு? இவ கையெழுத்து எனக்குத் தெரியாதா?"

லென்ஸம்மா எழுதினாள். ஆமாம், எழுதினாள். முதல் டாக்டர் சீட்டில் நூற்று முப்பத்தேழு என்ற எண்ணைப் பார்த்ததும் மெஷினை நிறுத்திவிட்டு உட்கார்ந்திருந்தாள். பெரியண்ணன் வெளியே யாருடனோ போன் பேசிக்கொண்டிருந்த நேரத்தில் அந்த இரண்டு வரியைக் கிறுக்கி, துணிக்கு அடியில் வைத்து, டப்பாவை மூடினாள். அதற்குப் பிறகு அந்த நினைப்பின் பக்கமே போகவில்லை. அப்பா மாடியில் இருந்தார். வீட்டில் எண்ணிக்கை மூன்று. ஆபீஸ் அம்மா என்று அண்ணன் சொன்னார், ஆபீஸ் அம்மா என்றே அவளும் வைத்துக்கொண்டாள்.

தன்மேலேயே அவளுக்கு அருவருப்பாக இருந்தது.

"அக்கா," தம்பி மெதுவாகக் கேட்டான், "உனக்குத் தெரியுமா?"

அவள் அவனை விட்டுத் திரும்பினாள். "அந்தச் சீட்டு எங்கக்கா?" என்றாள் பெரியக்காவிடம்.

"போன வாரம் அண்ணன் வாங்கிட்டுப் போனாரு. பழைய கண்ணாடி ஏழு டப்பாவையும் சேர்த்து. எல்லாத்துலயும் நீ எழுதின அளவுச் சீட்டு இருந்துதே."

கோர்ட்டில் பைக்குள் கடகடத்தது என்னவென்று இப்போது புரிந்தது.

"எதுக்குன்னு கேட்டேன்," பெரியக்காவின் முகத்தில் ஒரு வெட்கம் கலந்த சந்தோஷம். "உன் தங்கச்சிக்கு உன்னைத் தெரியும், உன்னை நினைச்சுக்கிட்டுத்தான் இருந்தான்னு கோர்ட்டுல காட்டணும்னாரு. இத்தனை வருஷமா நான் வேற என்னத்தைக் கேட்டேன்? அந்தச் சீட்டை யாருக்கும் காட்டாம வெச்சிருந்தவ, அதைக் கேட்டதும் ஓடிப்போய் எடுத்துட்டு வந்து குடுத்துட்டேன்."

தம்பி இதற்குள் கட்டைப் பிரித்து மேஜைமேல் வைத்துவிட்டான். அவனுக்கு இன்னும் முழுதும் விளங்கவில்லை. "இது கோர்ட் நோட்டீஸ் பெரியக்கா. உன்னையும் கேசுல சேர்க்கறோம். வாங்கிக்கிட்டேன்னு ஒரு கையெழுத்து—"

"வேணாம்!" லென்ஸம்மா தாளின்மேல் கையை வைத்தாள். "இன்னிக்கு வேணாம்க்கா. இதுல ஒரு தப்பு இருக்கு. சரி பண்ணி நாளைக்குக் கொண்டாறேன்."

"தப்பு இருந்தா இருக்கட்டும், பார்க்கறேன். நான் எதையும் படிக்காம கையெழுத்துப் போடறதில்ல. இங்க சாவி நோட்டுல போடறதுக்குக்கூடப் படிச்சுட்டுத்தான்."

அவள் கையை மெல்ல விலக்கிவிட்டு, தாளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டு உட்கார்ந்தாள். குனிந்தாள். இடது கண்ணை மூடிக்கொண்டாள்.

முதல் பத்தி. வீடு, கடை, எல்லை அளவுகள். இரண்டாம் பத்தி. தந்தை இறந்த தேதி. லென்ஸம்மாவுக்கு அந்தத் தாள் மனப்பாடம். எந்த வரியில் அக்காவின் கண் இருக்கிறது என்று அவளால் சொல்ல முடிந்தது. தாளைப் பிடுங்கிக் கிழித்துப் போட்டுவிடலாமா என்று தோன்றியது. கிழித்து என்ன செய்ய? கோர்ட்டில் ஒன்று இருக்கிறது. அண்ணனிடம் ஒன்று இருக்கிறது.

ஒரு பெண் வந்து பன்னிரண்டாம் நம்பர் சாவி கேட்டாள். பெரியக்கா திரும்பிப் பார்க்காமலே கையைப் பின்னால் நீட்டிச் சரியான கொக்கியிலிருந்து எடுத்துக் கொடுத்தாள். நோட்டில் கையெழுத்து வாங்கினாள். பிறகு விட்ட இடத்தில் விரலை வைத்தாள்.

மூன்றாம் பத்தி.

விரல் வரிக்கு வரி நகர்ந்தது. கடைசி வரியில் நின்றது. மறுபடி மேலே போய், மறுபடி கீழே வந்தது.

பெரியக்கா கண்ணாடியைக் கழற்றினாள். மடித்தாள். தாளின்மேல், அந்தப் பத்திக்கு மேலேயே வைத்தாள். கண்ணாடி இல்லாத இடது கண் மெல்ல மூக்குப் பக்கம் போயிற்று.

"இதைத் தேய்ச்சது நீயா, இல்லையா? அதை மட்டும் சொல்லு."

"நான்தான்க்கா."

"யாருக்குன்னு தெரிஞ்சு தேய்ச்சியா?"

இல்லை என்றால் பொய். ஆமாம் என்றால், காலையில் போட்ட சத்தியம் பொய். அதோடு வழக்கு, கடை, அவள் உட்காரும் நாற்காலி எல்லாம் போகும். தம்பி அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"தெரிஞ்சுதான்."

பெரியக்கா தலையாட்டினாள். அழவில்லை. அழுதிருந்தால் தேவலை என்று லென்ஸம்மாவுக்கு இருந்தது.

"மூணுன்னு சொல்லச் சொன்னது அப்பா. அவரை நான் எப்பவோ மன்னிச்சுட்டேன். ஆனா இதை எழுதி, படிச்சுப் பார்த்து, கீழே கையெழுத்துப் போட்டது நீ." நோட்டீஸை எடுத்து, வாங்கிக்கொண்டதாகக் கையெழுத்துப் போட்டு, தேதியும் எழுதினாள். "பதினெட்டாம் தேதி வர்றேன்."

"பெரியக்கா," தம்பி கேட்டான், "யார் பக்கம் உக்காருவே?"

பெரியக்கா நிமிர்ந்தாள். சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். ஐந்தடிக்கப் பத்து நிமிடம்.

"அண்ணனும், நான் அவர் பக்கம்தான் நிக்கறேன்னு ஒரு பேப்பர் எழுதி வெச்சிருக்காரு. என் கையெழுத்து வேணுமாம். போன வாரம் நான் போடலை, தங்கச்சிக்கு விரோதமா எதுவும் செய்ய மாட்டேன்னு சொல்லிட்டேன். அவரு கோவிச்சுக்கவே இல்ல. அவ ஒரு பேப்பர் கொண்டு வருவா, அதைப் படி, அப்புறம் நீயே முடிவு பண்ணு, அன்னிக்குச் சாயந்திரம் அஞ்சு மணிக்கு வர்றேன்னு சொல்லிட்டுப் போனாரு."

"இன்னிக்குத்தான் கொண்டு வருவேன்னு அவருக்கு எப்படித் தெரியும்?" என்றாள் லென்ஸம்மா. கேட்கும்போதே பதில் தெரிந்தது. காலையில் ஆட்சேபணை இல்லை என்று சொன்னதும், இந்த நாளை அப்போதே குறித்துவிட்டார்.

"மத்தியானம் போன் பண்ணினாரு. அவ கிளம்பிட்டா, இருந்து வாங்கிக்கன்னாரு."

வாசலில் கேட் திறக்கும் சத்தம் கேட்டது. செருப்புச் சத்தம் அவசரமில்லாமல் வந்தது. கூடவே, ஒவ்வொரு அடிக்கும், ஒரு பைக்குள் டப்பாக்கள் ஒன்றோடொன்று மோதிக் கடகடத்தன.

லென்ஸம்மா அக்காவின் கையைப் பிடிக்கப் போனாள். பெரியக்கா அந்தக் கையால் தாளின்மேல் இருந்த கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டாள். வருகிறவர் முகம் சரியாகத் தெரிவதற்கு அவளுக்கு அது வேண்டியிருந்தது.